அத்தியாயம் 9: மெதுவாய் வெந்த மாட்டிறைச்சிப் பூட்டீன்

பூட்டீன் கடைப் பண்டம். கியூபெக் மாகாணத்தில் காஸ்-க்ரூட் எனப்படும் சாலையோரச் சிற்றுண்டிக் கடைகளில் பிறந்து, கனடா முழுக்கப் பரவி, இன்று அந்நாட்டு மெக்டொனால்ட்ஸ் வரைக்கும் வந்துவிட்டது. பொரித்த உருளைக்கிழங்கு, அதன்மேல் புதிய சீஸ் கர்ட், அதன்மேல் கொதிக்கக் கொதிக்கப் பழுப்பு கிரேவி, அவ்வளவுதான் சங்கதி. கடையில் எண்ணெய் எந்நேரமும் காய்ந்துகொண்டிருக்கும். கிரேவி ஒரு மூலையில் சூடாகவே இருக்கும். சீஸ் அன்று காலையில்தான் வந்திறங்கியிருக்கும். கேட்ட சில நிமிடங்களில் தட்டு கைக்கு வந்துவிடும். வீட்டில் இந்த மூன்றையும் ஒரே நேரத்தில் கூட்டிவைப்பதுதான் பாடு. சமைக்கக் கடினமானது என்று இதில் எதுவுமில்லை. நேரம் தப்பினால்தான் எல்லாம் கெடும்.

மெதுவாக வேகவைத்த மாட்டிறைச்சியைச் சேர்த்தால் வேலை கூடும் என்றுதான் எவருக்கும் தோன்றும். உண்மையில் குறைகிறது. இறைச்சியை முதல் நாளே முடித்துவிடலாம். அது வெந்த சாறே கிரேவியாகிவிடுகிறது. மறுநாள் கையில் மிஞ்சுவது அந்தச் சாற்றைக் கெட்டியாக்குவதும் கிழங்கு பொரிப்பதும்தான். இறைச்சியை ஒரு பக்கம் வேகவைத்துவிட்டு, கிரேவிக்குக் கடைப் பாக்கெட்டைப் பிரிக்கிறவர்கள் உண்டு. அப்படிச் செய்வதற்கு இறைச்சியே போடாமல் சும்மா பூட்டீன் சாப்பிடலாம் என்பேன்.

இறைச்சி போட்டால் அது பூட்டீனே இல்லை என்று யாராவது சொன்னால் கவலைப்பட வேண்டாம். கியூபெக்கிலேயே கோழியும் பச்சைப் பட்டாணியும் போட்ட கல்வோட், தக்காளி-இறைச்சிச் சாஸ் ஊற்றிய இத்தாலியன் என்று வகைகள் பழகிப்போனவை. மொன்ரியாலில் ஸ்மோக்ட் மீட் பூட்டீன் இல்லாத பட்டியல் குறைவு. அதே நகரத்து லா பாங்கீஸ் உணவகத்தில் வகைகளை எண்ணி முடிப்பதற்குள் பசி போய்விடும்.

இறைச்சி

தோள்பகுதித் துண்டு வேண்டும். கனடாக் கடைகளில் பிளேடு ரோஸ்ட் என்ற பெயரில் கிடைக்கும். மற்ற இடங்களில் சக் என்று கேளுங்கள். நான்கைந்து பேருக்கு 1.2 கிலோ தாராளம், மிச்சமும் இருக்கும். உள்ளே வெள்ளை வெள்ளையாகக் கொழுப்பும் நரம்பும் ஓடியிருக்கிற துண்டாகப் பாருங்கள். சுத்தமாக, சிவப்பாக, அழகாக இருக்கிற துண்டு இதற்கு ஆகாது. ஐ ஆஃப் ரவுண்ட் போன்ற கொழுப்பற்ற பகுதிகள் எட்டு மணி நேரம் வெந்தபின் வைக்கோலாகிவிடும். ஸ்ட்யூவுக்கென்று வெட்டிவைத்த பொதியும் வேண்டாம். பல பாகங்களின் வெட்டுத்துண்டுகள் அதில் கலந்து கிடக்கும். ஒன்று கரையும்போது இன்னொன்று ரப்பராக இருக்கும்.

நரம்பு எதற்கு என்றால், அதிலுள்ள கொலாஜன்தான் நமக்குத் தேவையான சரக்கு. இறைச்சி 60, 65 டிகிரி செல்சியஸைத் தாண்டும்போது நார்கள் இறுகித் தண்ணீரைப் பிழிந்து வெளியே தள்ளுகின்றன. அந்தக் கட்டத்தில் தொட்டுப் பார்த்தால் கல் மாதிரி இருக்கும், 'வெந்து கெட்டுவிட்டது' என்று அடுப்பை அணைத்துவிடத் தோன்றும். அணைக்காதீர்கள். 70 டிகிரிக்கு மேல் கொலாஜன் மெல்ல மெல்ல ஜெலட்டினாக உருகத் தொடங்குகிறது. உட்புறம் 93 டிகிரியைத் தொட்டு அங்கேயே கொஞ்ச நேரம் நிற்கும்போது, முள்கரண்டியைக் குத்தித் திருப்பினால் நார்நாராகப் பிரியும். நார் உலர்ந்திருந்தாலும் வாயில் ஈரமாகத் தெரிவது இந்த ஜெலட்டினால்தான். கிரேவிக்கு உதட்டில் ஒட்டுகிற ஒரு கனம் வருவதும் அதனால்தான்.

இறைச்சியை நான்கு பெரிய துண்டுகளாக வெட்டி, காகிதத் துவாலையால் ஈரம் ஒற்றி, இரண்டு தேக்கரண்டி உப்பும் ஒரு தேக்கரண்டி மிளகுத்தூளும் தடவுங்கள். கனமான வாணலியில் எண்ணெய் புகையத் தொடங்கும் சூட்டில், ஒரு நேரத்தில் இரண்டு துண்டு மட்டும் போட்டு, ஒவ்வொரு பக்கமும் கரும்பழுப்பாகும்வரை அசைக்காமல் விடுங்கள். நான்கையும் ஒன்றாகப் போட்டால் வாணலி ஆறி, தண்ணீர் விட்டு, இறைச்சி சாம்பல் நிறத்தில் அவிந்துபோகும். இந்தப் படியைத் தாண்டிப் போகலாமா என்று எல்லோரும் கேட்பார்கள். ஸ்லோ குக்கருக்குள் எதுவும் சிவக்காது. உள்ளே முழுக்க நீராவி. வறுத்த வாசனை வரவேண்டுமென்றால் அது இந்த வாணலியில்தான் வரவேண்டும். ஜன்னலைத் திறந்துவையுங்கள், அடுக்குமாடி வீடென்றால் புகை எச்சரிக்கை மணி கூவும்.

இறைச்சியை எடுத்தபின் அதே வாணலியில் பெரிய வெங்காயம் இரண்டை நீளவாக்கில் அரிந்து போட்டுப் பொன்னிறமாக வதக்குங்கள். ஆறு பல் பூண்டு, ஒரு மேசைக்கரண்டி தக்காளி பேஸ்ட் சேர்த்து, பேஸ்ட் செங்கல் நிறத்துக்கு மாறும்வரை கிளறுங்கள். ஒரு கோப்பை கறுப்பு பியர் ஊற்றி அடியில் பிடித்ததைச் சுரண்டிவிடுங்கள். கியூபெக்கில் ஷாம்ப்ளி ஊரின் யூனிபுரூ ஆலைக்காரர்கள் காய்ச்சும் அடர்ந்த பியர்கள் இதற்கு நன்றாகப் பொருந்தும். ஹாப்ஸ் தூக்கலான ஐ.பி.ஏ. வகை கூடவே கூடாது, வற்ற வற்றக் கசக்கும். பியர் வேண்டாதவர்கள் அந்த அளவுக்கு எலும்புச் சாறே ஊற்றிக்கொள்ளலாம், பெரிய நட்டமில்லை.

இதையெல்லாம் ஸ்லோ குக்கரில் கொட்டி, மேலே இறைச்சியை வைத்து, உப்புக் குறைந்த மாட்டு எலும்புச் சாறு 400 மில்லி, ஒரு மேசைக்கரண்டி வூஸ்டர் சாஸ், இரண்டு பே இலை, மூன்று கொத்து தைம் சேருங்கள். இறைச்சி முழுகவில்லையே என்று தண்ணீரை விடாதீர்கள். மூடிய குக்கரில் ஆவி வெளியேறாது. இறைச்சியும் தன் பங்குக்கு நீர் விடும். திறக்கும்போது நீங்கள் ஊற்றியதைவிட அதிகமாகவே இருக்கும்.

லோவில் எட்டு மணி நேரம், ஹையில் ஐந்து. நடுவில் மூடியைத் திறந்து திறந்து பார்த்தால் ஒவ்வொரு முறையும் கால்மணி நேரம் போல நீளும். உறைந்த இறைச்சியை அப்படியே உள்ளே வைக்கக்கூடாது. 4 முதல் 60 டிகிரி வரையான வெப்பத்தில்தான் கிருமிகள் வேகமாகப் பெருகும். உறைந்த துண்டு அந்த எல்லையைக் கடக்க மணிக்கணக்காகும். 'வார்ம்' என்ற நிலை சமைப்பதற்கானது அல்ல, வெந்ததைச் சூடாக வைத்திருக்க மட்டும்.

ஸ்லோ குக்கர் இல்லாவிட்டால் கனமான மூடிப் பாத்திரத்தில் போட்டு அவனில் 150 டிகிரியில் மூன்றரை மணி நேரம். என் விருப்பம் கேட்டால் இதுதான். மேற்பரப்பு கொஞ்சம் சிவப்பதால் சுவை ஒரு படி கூடும். நம் வீட்டுப் பிரஷர் குக்கரிலும் ஆகும். முதல் விசிலுக்குப் பின் தணலைக் குறைத்து ஐம்பது நிமிடம் முதல் ஒரு மணி நேரம் விட்டு, ஆவி தானாக அடங்கியபின் திறக்கவும். மெதுவாக வெந்தது என்று அதைச் சொல்ல முடியாது, ஆனால் பசியோடு வந்து நிற்கிற பிள்ளைகளுக்கு அந்த வித்தியாசம் தெரியாது.

வெந்ததும் இறைச்சியை எடுத்துப் பெரிய நார்களாகப் பிய்த்துவையுங்கள். தூளாக்க வேண்டாம். சாற்றை வடிகட்டி, வெங்காயத்தை நன்றாக அழுத்திப் பிழிந்துவிட்டு, இறைச்சியையும் சாற்றையும் அகலமான தட்டையான பாத்திரங்களில் தனித்தனியாக ஆறவிட்டு, இரண்டு மணி நேரத்துக்குள் ஃபிரிட்ஜில் வைத்துவிடுங்கள்.

கிரேவி

மறுநாள் சாற்றின்மேல் கொழுப்பு வெள்ளைப் பாளமாக உறைந்து நிற்கும். அதை அலுங்காமல் எடுத்துவிட்டால், அடியில் சாறு ஜெல்லியாக ஆடும். ஆடவில்லையென்றால் துண்டில் நரம்பு போதவில்லை என்று பொருள்; அப்போது அரைப் பங்காகும்வரை வற்றவிட்டு எலும்புச் சாறு சேர்த்துக்கொள்ளலாம். நமக்கு 700 மில்லி வேண்டும். குறைந்தால் கோழிச் சாறு சேருங்கள். கியூபெக்கின் பழுப்புச் சாஸில் கோழியும் மாடும் கலந்தே இருப்பது வழக்கம், அதனால் தயங்கவே வேண்டாம்.

எடுத்த கொழுப்பிலிருந்து ஒரு மேசைக்கரண்டியும் வெண்ணெய் இரண்டு மேசைக்கரண்டியும் சட்டியில் உருக்கி, மைதா மூன்று மேசைக்கரண்டி குவித்துப் போட்டு, மிதமான தீயில் விடாமல் கிளறுங்கள். ஆறேழு நிமிடத்தில் நிறம் ஏறி வறுத்த வாசம் வரும். பாதியில் அவசரப்பட்டால் பச்சை மாவு நெடி கடைசிவரை போகாது. வறுக்க வறுக்க மாவின் கெட்டிப்படுத்தும் சக்தி குறையும் என்பதால் கறுப்பாகவும் விடக்கூடாது. சூடான சாற்றைக் கரண்டி கரண்டியாக ஊற்றி அடித்துக் கலக்கி, பத்து நிமிடம் மெல்லக் கொதிக்கவிடுங்கள்.

கரண்டியை முக்கி எடுத்து, அதன் பின்புறத்தில் விரலால் ஒரு கோடு இழுங்கள். கோடு அப்படியே நின்றால் பதம் சரி. வழிந்து மூடிக்கொண்டால் கிழங்கு நனைந்து கூழாகும். கரண்டியிலிருந்து விழவே மறுத்தால், தட்டின் அடிவரை இறங்காமல் மேலேயே உட்கார்ந்துவிடும்.

கடைசியில் ஒரு தேக்கரண்டி ஆப்பிள் சிடர் வினிகர், கொஞ்சம் கூடுதலாக மிளகு. வினிகரைத் தவிர்க்காதீர்கள். கிழங்கில் எண்ணெய், சீஸில் கொழுப்பு, கிரேவியில் கொழுப்பு; இவ்வளவையும் வெட்டுவதற்கு ஒரு துளிப் புளிப்பு இல்லாவிட்டால் ஐந்தாவது வாயிலேயே திகட்டிவிடும். உப்பைப் பொறுத்தவரை, சீஸிலும் இருக்கிறது, இறைச்சியிலும் இருக்கிறது. சுவை பார்க்கும்போது கிரேவி லேசாக உப்புக் குறைந்தே இருக்கட்டும்.

இந்த இடத்தில் கறித்தூள் டப்பாவின் பக்கம் கை போகும், தெரியும். டொரொன்டோவில் பட்டர் சிக்கன் பூட்டீனே விற்கிறார்கள், வறுத்த யாழ்ப்பாணத்துக் கறித்தூளுக்கு என்ன குறை என்று கேட்பீர்கள். குறை கறித்தூளில் இல்லை. சீஸ் கர்ட் பால் வாசனை மட்டுமே உள்ள மெல்லிய பண்டம். காரமும் சோம்பும் கொத்தமல்லியும் எழும்பினால் அது இருக்கிற இடம் தெரியாது. உறைப்பு வேண்டியவர்கள் மிளகைக் கூட்டுங்கள். கறித்தூள் போட்டே ஆகவேண்டுமென்றால் இறைச்சியை வதக்கும்போது அரைத் தேக்கரண்டி, அதற்குமேல் வேண்டாம்.

சீஸ்

இந்தப் பண்டம் எந்த ஊரில் பிறந்தது என்ற வழக்கு இன்னும் தீரவில்லை. வார்விக் ஊரில் உணவகம் நடத்திய பெர்னான் லாஷான்ஸ், 1957-இல் ஒரு வாடிக்கையாளர் கேட்டார் என்பதற்காகப் பிரைஸையும் சீஸ் கர்டையும் கலந்து கொடுத்தார் என்பது ஒரு தரப்பு. அதில் கிரேவி இல்லை. டிரம்மண்ட்வில் நகரில் ல ருவா ஜூசெப் உணவகத்தின் ஜான்-போல் ருவா 1964-இல் மூன்றையும் சேர்த்துப் பரிமாறினார் என்பது மறு தரப்பு. சமைக்கிறவருக்கு இந்த வழக்கில் முக்கியமான சாட்சி புவியியல்தான்: இரண்டு ஊர்களும் மொன்ரியாலுக்கும் கியூபெக் நகருக்கும் இடைப்பட்ட பால்பண்ணைப் பகுதியில், சீஸ் ஆலைகளின் பக்கத்தில் இருக்கின்றன. அன்று செய்த கர்ட் அன்றே கைக்குக் கிடைத்த இடத்தில்தான் பூட்டீன் பிறக்க முடிந்தது.

சீஸ் கர்ட் என்பது செடார் சீஸ் அச்சில் போய் அழுந்துவதற்கு முந்தைய நிலை. புதிதாக இருக்கும்போது கடித்தால் பல்லில் 'கீச்' என்று சத்தம் போடும். பால் புரதத்தைக் கால்சியம் இறுக்கிப் பிடித்திருப்பதால் அந்த நார்கள் பல்லோடு உரசி எழும் சத்தம் அது. நாள் ஆக ஆக அமிலம் அந்தக் கால்சியத்தைக் கரைக்க, பிடி தளர்ந்து சத்தம் அடங்கிவிடும். ஃபிரிட்ஜின் குளிரிலும் அடங்கும். அதனால்தான் கியூபெக்கின் மூலைக்கடைகளில் அன்றைய கர்டைக் கல்லாவின் பக்கத்தில் வெளியிலேயே வைத்து விற்கிறார்கள். ஒன்டாரியோக்காரர்களுக்கு ஓட்டாவாவின் கிழக்கே சென்-ஆல்பர்ட் ஊர்க் கூட்டுறவு ஆலையின் கர்ட் உண்டு. 1894-இலிருந்து சீஸ் செய்கிற சங்கம் அது. டொரொன்டோ சூப்பர் மார்க்கெட்டில் கிடைக்கும் பொதி சில நாள் பழையதாக இருக்கலாம். மைக்ரோவேவில் எட்டுப் பத்து வினாடி காட்டினால் கீச்சுச் சத்தம் கொஞ்சம் திரும்பி வரும், மெய்யாகவே.

ஆளுக்கு 100 கிராம் கணக்கு. பரிமாறுவதற்கு ஒரு மணி நேரம் முன்பே வெளியில் எடுத்துவையுங்கள். ஃபிரிட்ஜிலிருந்து எடுத்த கையோடு போட்டால் கிரேவியின் சூட்டைச் சீஸே குடித்துவிடும். பெரிய கட்டிகளை விரலால் பிளந்து, கட்டைவிரல் நுனி அளவுக்கு ஆக்குங்கள். துருவக்கூடாது. சீஸ் வெளியே இளகி உள்ளே கட்டியாக நிற்கவேண்டும். துருவினால் கரைந்து கிரேவியோடு கலந்து பிசுபிசுக்கும்.

கர்ட் கிடைக்காத ஊரில் இருப்பவர்கள் ஈரம் குறைந்த மொசரெல்லாவைக் கையால் பிய்த்துப் போடலாம். பனீர் போடலாமா என்ற கேள்வி தவறாமல் வரும். வேண்டாம். பனீர் கொதிக்கும் பாலை அமிலத்தால் திரித்துச் செய்வது. எவ்வளவு சூட்டிலும் உருகாது. கிரேவியில் மிதக்கும் பனீர் வேறு ஒரு குழம்பு. மரக்கறிக்காரர்கள் கர்ட் பொதியில் ரென்னெட் விலங்கிலிருந்து எடுத்ததா, நுண்ணுயிரிலிருந்து எடுத்ததா என்று பார்த்து வாங்குங்கள். அவர்களுக்கு மொட்டுக் காளானைச் சிவக்க வதக்கி, காய்கறிச் சாறும் சோயா சாஸும் ஊற்றி, இதே வறுத்த மாவில் கிரேவி செய்யலாம். மாடு சாப்பிடாத, ஆடு சாப்பிடுகிற வீடுகளில் செம்மறி ஆட்டுத் தோள்கறிக்கு மேலே சொன்ன அத்தனையும் பொருந்தும். கொழுப்பை மட்டும் முழுக்க எடுத்துவிடுங்கள்.

கிழங்கு

ரஸ்ஸெட் வகை, ஒன்றேகால் கிலோ. ஃபிரிட்ஜில் வைத்த கிழங்கு வேண்டாம். குளிரில் மாவுச்சத்து சர்க்கரையாக மாறி, வேகும் முன்பே கருகும். தோலோடோ தோல் சீவியோ, ஒரு சென்டிமீட்டர் கனத்தில் வெட்டி, தண்ணீர் தெளியும்வரை கழுவி, அரைமணி நேரம் குளிர்ந்த நீரில் ஊறவைத்து, பிறகு துணியில் பரப்பி ஈரமே இல்லாமல் துடைத்துவிடுங்கள். ஆழமான கனத்த பாத்திரத்தில் பாதிக்கு மேல் போகாமல் கனோலா அல்லது கடலை எண்ணெய்.

இரண்டு முறை பொரிக்கவேண்டும். முதலில் 155 டிகிரியில் ஐந்தாறு நிமிடம். நிறம் மாறாமல் உள்ளே மட்டும் வேகும். எடுத்து ஆறவிடுங்கள், இரண்டு மணி நேரம் இருந்தாலும் பரவாயில்லை. இரண்டாவதாக 190 டிகிரியில் இரண்டு மூன்று நிமிடம், கொஞ்சம் கொஞ்சமாக, பழுப்பாகும்வரை. கடைப் பிரைஸைவிட ஒரு நிறம் கூடுதலாகவே விடுங்கள். கிரேவி ஊற்றப்போகிற கிழங்கு அது, தாங்கவேண்டும். வெப்பமானி ஒன்று வாங்கிவிடுவது நல்லது. எண்ணெயில் தீப்பிடித்தால் அடுப்பை அணைத்து மூடியால் மூடுங்கள், தண்ணீர் ஊற்றவே கூடாது.

இவ்வளவு எண்ணெயோடு மல்லுக்கட்ட விருப்பமில்லாதவர்கள் உறைந்த பிரைஸில் தடித்த வகையை வாங்கி 220 டிகிரி அவனில், பொதியில் போட்டதைவிட ஐந்து நிமிடம் கூடுதலாக விடலாம். ஒல்லிப் பிரைஸ் மட்டும் வேண்டாம், அரை நிமிடத்தில் தளர்ந்துவிடும்.

கூட்டிவைத்தல்

இரண்டாம் பொரிப்பைத் தொடங்கும் முன், சாப்பிடுகிறவர்களை மேசைக்குக் கூப்பிட்டுவிடுங்கள். ஆழமான கிண்ணங்களை 90 டிகிரி அவனில் சூடேற்றுங்கள். பிய்த்த இறைச்சியை நாலைந்து கரண்டி கிரேவியில் பிரட்டி மூடிச் சூடாக்குங்கள். மீதிக் கிரேவி அடுத்த அடுப்பில் தளதளவென்று இருக்கவேண்டும்.

கிழங்கு எண்ணெயிலிருந்து வந்ததும் லேசாக உப்புத் தூவி, கிண்ணத்தில் பாதி. அதன்மேல் சீஸில் பாதி. மறுபடி கிழங்கு, மறுபடி சீஸ். மேலே இறைச்சி, ஆளுக்கு ஒரு கைப்பிடி. இங்கேதான் பலருக்குக் கை தாராளமாகிவிடுகிறது. இறைச்சி குவிந்தால் கிரேவி கீழே இறங்க வழியில்லாமல், மேலே கறியும் அடியில் காய்ந்த கிழங்குமாக இரண்டு சாப்பாடாகிவிடும். கடைசியாகக் கிரேவியை நடுவிலிருந்து ஓரத்துக்கு வட்டமாக ஊற்றுங்கள், ஆளுக்கு 150 மில்லி போல. ஓரத்தில் சில கிழங்குகள் நனையாமல் மொறுமொறுப்பாக நிற்கட்டும். மேலே வெங்காயத்தாள் தூவுவது கண்ணுக்கு, வேண்டுமென்றால் செய்யுங்கள்.

படம் எடுக்கிறவர்கள் முதல் கிண்ணத்தை எடுத்துக்கொள்ளட்டும். மற்றவர்கள் காத்திருக்கக் கூடாது.

மிச்சம்

கூட்டிவைத்த பூட்டீனை மறுபடி சூடாக்கப் பார்க்காதீர்கள், அது நடக்காது. ஆகவே சாப்பிடும் அளவுக்கு மட்டும் கூட்டிவிட்டு மீதியைத் தனித்தனியாக வைத்திருங்கள். இறைச்சியும் கிரேவியும் ஃபிரிட்ஜில் மூன்று நான்கு நாள் நிற்கும். ஃபிரீசரில் இரண்டு மாதம். மாவு சேர்த்த கிரேவி உருகும்போது பிரிந்து தெரியும், சூடாக்கி நன்றாக அடித்துக் கலக்கினால் சேர்ந்துவிடும். மிஞ்சிய இறைச்சியைக் கியூபெக் வீடுகளின் பாத்தே சினுவா முறையில் அடியில் பரப்பி, நடுவில் சோளம், மேலே மசித்த உருளைக்கிழங்கு வைத்து அவனில் சிவக்க விடலாம். பொரித்த எண்ணெயை ஆறவைத்து, காபி வடிதாளில் வடித்துப் போத்தலில் அடைத்தால் இன்னும் இரண்டு முறை பொரிக்கலாம். அதற்குப் பிறகு மூடியை இறுக்கிக் குப்பையில் சேருங்கள். சிங்கில் ஊற்றினால் குளிர்காலத்தில் குழாய் அடைத்துக்கொள்ளும்.